நவஹோ சங்கேத வீரர்கள், குடியுரிமை, குடியேற்றம்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

அமெரிக்கக் குடியேற்றச் சட்டங்களைப் பற்றியும், இரண்டாம் உலகப் போரில் நவஹோ மக்களின் பங்கைப் பற்றியும் நான் எழுதி வருகிறேன். இரண்டும் வேறு வேறு விஷயங்கள் என்று நினைத்துத்தான் பலரும் படிக்கத் தொடங்குகிறார்கள். கொஞ்ச நாளில் அவர்களிடமிருந்து வரும் சந்தேகங்கள் ஒன்றோடொன்று கலந்துவிடுகின்றன. திரும்பத் திரும்ப வரும் கேள்விகளை, கேட்டவர்களின் வார்த்தையிலேயே இங்கே தொகுத்திருக்கிறேன். எளிய கேள்விகள் முதலில், சிக்கலானவை போகப் போக.

நவஹோன்னா யாரு? எந்தப் பக்கம் இருக்காங்க?

அமெரிக்காவின் தென்மேற்கில், அரிசோனா, நியூ மெக்சிகோ, யூட்டா என்ற மூன்று மாநிலங்களில் பரவிக் கிடக்கும் வறண்ட மேட்டு நிலம் அவர்களுடையது. பூர்வகுடிகள். தங்களை டினே என்று அழைத்துக்கொள்கிறார்கள். நவஹோ நாடு என்று அதிகாரபூர்வமாக அழைக்கப்படும் இந்தப் பகுதி சுமார் 27,000 சதுர மைல், அதாவது தமிழ்நாட்டின் பரப்பில் பாதிக்கும் மேல். தலைநகர் விண்டோ ராக். சொந்தத் தலைவர், சட்டமன்றம், நீதிமன்றம், காவல்துறை எல்லாம் உண்டு. பதிவு செய்த உறுப்பினர்கள் ஏறத்தாழ 4 லட்சம் பேர்.

ஒன்றை முதலிலேயே மனதில் வைத்துக்கொள்ளுங்கள். நவஹோக்கள் வெறும் சிறுபான்மை இனம் அல்ல. அமெரிக்க அரசோடு ஒப்பந்தம் போட்ட ஓர் அரசு அவர்களுடையது. கீழே வரும் குடியுரிமைக் குழப்பங்கள் முக்கால்வாசி இதிலிருந்துதான் கிளம்புகின்றன.

கோட் டாக்கர்ஸ்னு சொல்றாங்களே, அவங்க என்ன வேலை பார்த்தாங்க?

பசிபிக் போரில் அமெரிக்க மரைன் படைக்கு வானொலியிலும் தொலைபேசியிலும் செய்தி அனுப்பிய நவஹோ வீரர்கள் அவர்கள். தமிழில் சங்கேத வீரர்கள் என்று சொல்கிறேன். போர் முடிவதற்குள் சுமார் 400 பேர் இந்த வேலையில் சேர்ந்தார்கள். பெரும்பாலும் இருவராகப் போவார்கள். ஒருவர் கருவிக்கு மின்சாரம் தரும் கைப்பிடியைச் சுற்றுவார், மற்றவர் பேசுவார். குவாடல்கனால், தராவா, சைபன், பெலெலியு, ஐவோ ஜிமா, ஒகினாவா என்று மரைன் படை இறங்கிய தீவுகளில் எல்லாம் அவர்கள் குரல் கேட்டது.

அப்போதிருந்த சிக்கல் என்னவென்றால், ஆங்கிலம் நன்றாகத் தெரிந்த ஜப்பானியர்கள் அமெரிக்கச் செய்திகளை ஒட்டுக்கேட்டார்கள். இயந்திரத்தில் சங்கேதமாக மாற்றி அனுப்பினால் பாதுகாப்பு உண்டு, ஆனால் நேரம் எடுக்கும். மூன்று வரிச் செய்திக்கு இயந்திரம் அரை மணி நேரம் எடுத்த இடத்தில் நவஹோ வீரர்கள் 20 விநாடியில் முடித்தார்கள் என்பது பரவலாகச் சொல்லப்படும் கணக்கு. குண்டு விழும் கடற்கரையில் பீரங்கி எந்தப் பக்கம் திரும்ப வேண்டும் என்று சொல்பவனுக்கு அந்த வித்தியாசம் உயிர் சம்பந்தப்பட்டது.

இந்த யோசனை யாருக்கு வந்தது?

பிலிப் ஜான்ஸ்டன் என்ற பொறியாளருக்கு. அவர் நவஹோ அல்ல. மிஷனரி ஒருவரின் மகனாக நவஹோ நிலத்தில் வளர்ந்து, மொழியைச் சின்ன வயதிலேயே கற்றவர். 1942 தொடக்கத்தில் சான் டியேகோ அருகே மரைன் அதிகாரிகளுக்குச் செய்து காட்டினார். மேஜர் ஜெனரல் கிளேட்டன் வோகலுக்குப் பிடித்துப்போனது. அந்த மே மாதம் 29 நவஹோ இளைஞர்கள் பயிற்சிக்குச் சேர்ந்தார்கள்.

ஜான்ஸ்டனுக்கு உரிய பெயரைக் கொடுக்க வேண்டியதுதான். ஆனால் சங்கேதத்தை உருவாக்கியவர்கள் அந்த 29 பேர். பல கட்டுரைகளில் இது எழுத்தின் ஓரத்துக்குப் போய்விடுகிறது, எனக்கு அதில் வருத்தம் உண்டு.

சும்மா தாய்மொழியில பேசிக்கிட்டாங்க, அதைத்தான் பெருசா சொல்றாங்களா?

இல்லை. இதுதான் அதிகம் தவறாகப் புரிந்துகொள்ளப்படும் இடம். சாதாரண நவஹோ பேச்சை எடுத்து அதன் மேல் இன்னொரு பூட்டைப் போட்டார்கள்.

முதல் பூட்டு எழுத்துகளுக்கு. ஆங்கிலத்தின் ஏ எழுத்துக்கு ஆன்ட் என்ற சொல்லை எடுத்துக்கொண்டார்கள், அதாவது எறும்பு. எறும்புக்கு நவஹோவில் வோலாசீ. ஆக வோலாசீ என்று கேட்டால் ஏ என்று எழுத வேண்டும். இப்படியே ஓர் ஊர்ப் பெயரை எழுத்தெழுத்தாகச் சொல்லலாம். ஒரே சொல் திரும்பத் திரும்ப வந்தால் எதிரி கண்டுபிடித்துவிடுவான் என்பதால் பிற்பாடு மாற்றுச் சொற்களைச் சேர்த்தார்கள். ஏ எழுத்துக்கு எறும்போடு ஆப்பிளும் கோடாரியும் வந்தன: பெலாசானா, ட்சேனில்.

இரண்டாவது பூட்டு ராணுவச் சொற்களுக்கு. நீர்மூழ்கிக் கப்பல் இரும்பு மீன். பெரிய போர்க்கப்பல் திமிங்கிலம், டெஸ்ட்ராயர் எனும் வேகப் போர்க்கப்பல் சுறா. சண்டை விமானம் தேன்சிட்டு, வேவு விமானம் ஆந்தை. டாங்கி என்றால் ஆமை. கையெறி குண்டு உருளைக்கிழங்கு, விமானக் குண்டு முட்டை. அமெரிக்காவுக்கு வைத்த பெயர் நம் தாய். ஜெர்மனி இரும்புத் தொப்பி, பிரிட்டன் தண்ணீருக்கு நடுவே. இந்தியாவுக்கும் ஒரு பெயர் உண்டு: வெள்ளை உடை. தொடக்கத்தில் இருநூறுக்குச் சற்று மேல் இருந்த சொற்கள் போர் முடியும்போது 400ஐத் தாண்டின. அத்தனையும் மனப்பாடம், போர்க்களத்துக்கு ஒரு தாளைக்கூட எடுத்துப் போகவில்லை.

ஜப்பான்காரன் ஒரு நவஹோவைப் பிடிச்சு மிரட்டினா கதை முடிஞ்சிருக்குமே?

பிடித்தார்கள், மிரட்டினார்கள், சித்திரவதையும் செய்தார்கள். ஜோ கியூமியா என்ற நவஹோ வீரர் 1942இல் பிலிப்பைன்ஸில் போர்க்கைதியானார். கைதிகளை ஜப்பானியர்கள் வதைத்து நடத்திக் கூட்டிப்போன பட்டான் மரண நடையில் தப்பிப் பிழைத்தவர். ஒட்டுக்கேட்ட செய்திகளைப் போட்டுக் காட்டி அர்த்தம் கேட்டார்கள். அவர் சங்கேதப் பயிற்சி பெற்றவர் அல்ல. காதில் விழுந்தவை அவருக்குத் தெரிந்த சொற்கள்தான், ஆனால் எறும்பும் உருளைக்கிழங்கும் ஆமையும் வரிசையாக வந்தால் என்ன புரியும்? மேலே சொன்ன இரண்டாவது பூட்டு சரியாக வேலை செய்ததற்கு அவர் பட்ட வேதனையே சாட்சி. நாகசாகி அணுகுண்டு விழுந்தபோதும் அவர் அந்த ஊரில் கைதியாக இருந்தார், உயிரோடு திரும்பினார்.

ஐவோ ஜிமாவில கொடி ஏத்துற அந்தப் பிரபலமான போட்டோவில இருக்கிறவர் நவஹோதானே?

ஐரா ஹேய்ஸைச் சொல்கிறீர்கள். அவர் நவஹோ அல்ல, பீமா என்ற வேறொரு பூர்வகுடி இனத்தவர், சங்கேத வீரரும் அல்ல. ஆனால் அதே போரில் சங்கேத வீரர்களும் இருந்தார்கள். 1945 பிப்ரவரியில் தீவில் இறங்கிய முதல் 48 மணி நேரத்தில் ஆறு நவஹோ வானொலிக் குழுக்கள் 800க்கும் மேற்பட்ட செய்திகளைப் பிழையில்லாமல் அனுப்பின. நவஹோக்கள் இல்லாமல் ஐவோ ஜிமாவைப் பிடித்திருக்க முடியாது என்று அங்கே போரிட்ட 5ஆவது மரைன் பிரிவின் தொடர்பு அதிகாரி மேஜர் ஹோவர்ட் கானர் சொன்னதாக மரைன் வரலாறு பதிந்து வைத்திருக்கிறது.

ஐரா ஹேய்ஸின் சொந்த ஊர் அரிசோனாவின் ஹீலா ரிவர் பூர்வகுடி நிலம். அவர் கொடி ஏற்றியபோது அந்த நிலத்தில் ஜப்பானிய வம்சாவளி அமெரிக்கர்களை அடைத்து வைத்த முகாம் ஓடிக்கொண்டிருந்தது. இதைப் பற்றிக் கீழே தனியாக எழுதியிருக்கிறேன்.

போருக்குப் போனப்ப அவங்க அமெரிக்கக் குடிமக்களா, இல்லையா?

குடிமக்கள். ஆனால் அந்தக் குடியுரிமைக்கு அப்போது 18 வயதுதான்.

அமெரிக்க மண்ணில் பிறந்தால் குடிமகன் என்று அரசியல் சாசனத்தின் 14ஆவது திருத்தம் 1868இல் சொன்னது. ஆனால் 1884இல் எல்க் எதிர் வில்கின்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் ஒரு விலக்கு வைத்தது. ஜான் எல்க் தன் பழங்குடியை விட்டு ஒமாஹா நகரத்தில் வந்து வாழ்ந்தவர், ஓட்டுப் பதிவு செய்யப் போனார், மறுத்துவிட்டார்கள். பழங்குடி அரசின் கீழ் பிறந்தவர் பிறக்கும்போது அமெரிக்காவின் முழு அதிகாரத்துக்கு உட்பட்டவர் அல்ல, எனவே பிறப்பால் குடிமகன் அல்ல என்பது தீர்ப்பு. 14 வருடம் கழித்து, 1898இல், சான் பிரான்சிஸ்கோவில் சீனப் பெற்றோருக்குப் பிறந்த வாங் கிம் ஆர்க் குடிமகன்தான் என்று அதே நீதிமன்றம் சொன்னது. இரண்டையும் சேர்த்துப் படித்தால், வந்து குடியேறிய வெளிநாட்டவரின் பிள்ளைக்குக் கிடைத்தது அந்த மண்ணிலேயே இருந்தவரின் பிள்ளைக்குக் கிடைக்கவில்லை.

நில ஒதுக்கீடு, திருமணம், ஒப்பந்தம் போன்ற வழிகளில் சிலர் குடிமக்களானார்கள். முதல் உலகப் போரில் சேவை செய்தவர்கள் விண்ணப்பித்துப் பெறலாம் என்று 1919இல் ஒரு சட்டம் வந்தது. மீதமிருந்த எல்லாருக்கும் 1924 ஜூன் 2 அன்று வந்த இந்தியர் குடியுரிமைச் சட்டம்தான் கொடுத்தது. (இங்கே இந்தியர் என்பது பூர்வகுடிகளுக்கு அமெரிக்கச் சட்டம் வைத்த பெயர், நம் நாட்டவர் அல்ல.)

1924ன்னா குடியேற்றத்தையே அடைச்ச வருஷமாச்சே? ரெண்டுக்கும் சம்பந்தம் இருக்கா?

இரண்டிலும் கையெழுத்துப் போட்டது ஒரே ஜனாதிபதி, கால்வின் கூலிட்ஜ். மே 26 அன்று குடியேற்றச் சட்டம், சரியாக ஒரு வாரம் கழித்துக் குடியுரிமைச் சட்டம்.

குடியேற்றச் சட்டம் ஒவ்வொரு நாட்டுக்கும் ஒதுக்கீடு வைத்தது. 1890 கணக்கெடுப்பின்படி அமெரிக்காவில் இருந்த அந்த நாட்டுக்காரர்களில் நூற்றுக்கு இரண்டு. ஏன் 34 வருடப் பழைய கணக்கு? இத்தாலியர்களும் கிழக்கு ஐரோப்பிய யூதர்களும் பெருமளவில் வந்து இறங்கியது 1890க்குப் பிறகு என்பதால். அதோடு, குடியுரிமை பெறத் தகுதி இல்லாதவர்கள் குடியேறவே கூடாது என்றும் எழுதினார்கள். இந்த வரி முக்கியமாகக் குறிவைத்தது ஜப்பானியர்களை.

ஒன்று பிறந்ததற்கு இன்னொன்று காரணம் என்று நான் சொல்லவில்லை. ஆனால் இரண்டும் ஒரே காலத்து வேலை. யார் நம்மவர் என்பதை மக்கள் பிறந்து வாழ்ந்த வாழ்க்கை தீர்மானிக்கவில்லை, வாஷிங்டனில் எழுதிய வாசகம் தீர்மானித்தது. வெளியே நின்றவர்களுக்குக் கதவைச் சாத்தினார்கள், உள்ளேயே இருந்தவர்களைக் கேட்காமலே உள்ளே என்று பதிவு செய்தார்கள். இந்தக் குடியுரிமை வேண்டாம் என்று அப்போதே சொன்ன பழங்குடிகளும் உண்டு, முக்கியமாக ஒனண்டாகா போன்ற வடகிழக்கு மக்கள். தங்கள் அரசு கரைந்துபோகும் என்று பயந்தார்கள். சட்டம் பழங்குடிச் சொத்துரிமையைத் தொடாது என்று எழுதியிருந்தும் அந்தப் பயம் தீரவில்லை.

இந்தியாவிலிருந்து போனவங்க நிலைமை அப்போ எப்படி இருந்தது?

மோசம். 1917 சட்டம் தடை மண்டலம் என்று ஆசியாவின் பெரும் பகுதியைக் கோடு போட்டு அடைத்தது. பிரிட்டிஷ் இந்தியா அதற்குள். ஏற்கெனவே அங்கே இருந்தவர்களுக்கு அடுத்த அடி 1923 பிப்ரவரி 19 அன்று விழுந்தது. பகத் சிங் திண்ட் பஞ்சாபில் பிறந்த சீக்கியர், முதல் உலகப் போரில் அமெரிக்க ராணுவத்தில் சேர்ந்து நற்பெயரோடு விடுவிக்கப்பட்டவர். அப்போது வெளிநாட்டில் பிறந்து வந்தவர்களில் வெள்ளையர்களுக்கும் ஆப்பிரிக்க வம்சாவளியினருக்கும் மட்டுமே குடியுரிமை. சாதாரண ஆள் வெள்ளையர் என்று சொன்னால் நினைப்பது உங்களை அல்ல என்று உச்ச நீதிமன்றம் அவரை மறுத்தது. அந்தத் தீர்ப்பை வைத்து, முன்பே கொடுத்த குடியுரிமையைப் பல இந்தியர்களிடமிருந்து திரும்பப் பிடுங்கினார்கள். முன்னாள் வீரர்களுக்கு வந்த தனிச் சட்டத்தின் மூலம் திண்ட் கடைசியில் 1936இல் குடிமகனானார்.

ஐரா ஹேய்ஸையும் திண்டையும் நான் அடுத்தடுத்து எழுதுவது இதனால்தான். சீருடை போட்டவர் என்பது இரண்டு பக்கமும் போதவில்லை. 1946இல் லூஸ்-செல்லர் சட்டம் வந்து இந்தியர்கள் குடியுரிமை பெறலாம் என்றது. வருட ஒதுக்கீடு 100 பேர். முழு இந்தியாவுக்கும்! 1965 சட்டம்தான் அந்த நாட்டு ஒதுக்கீட்டு முறையை ஒழித்தது. இன்று கிரீன் கார்டு வரிசையில் நிற்கும் நம்மவர்களை வாட்டும் 7 சதவீத நாட்டு வரம்பு வேறொரு விதி, ஆனால் பிறந்த நாட்டை வைத்து ஆளை அளக்கும் பழக்கம் அதிலும் தொடர்கிறது என்பது என் கருத்து.

குடியுரிமை இருந்தா ஓட்டு இருந்திருக்குமே?

இல்லை. ஓட்டுரிமையை மாநிலங்கள் கையில் வைத்திருந்தன. நவஹோ நிலம் பரவியிருக்கும் மூன்று மாநிலங்களும் மூன்று சாக்குச் சொன்னன. பூர்வகுடிகள் பாதுகாவலரின் கீழ் இருப்பவர்கள் என்று அரிசோனா உச்ச நீதிமன்றம் 1928இல் சொல்லி ஓட்டை மறுத்தது. வரி கட்டாத பூர்வகுடிகளுக்கு ஓட்டில்லை என்றது நியூ மெக்சிகோ. பூர்வகுடி நிலத்தில் வசிப்பவர் மாநிலவாசி ஆக மாட்டார் என்றது யூட்டா.

1948இல்தான் உடைந்தது. மிகெல் ட்ருஹியோ என்ற ஆசிரியர், இஸ்லெட்டா புவெப்லோ என்ற பூர்வகுடிச் சமூகத்தவர், போரில் மரைன் படையில் இருந்தவர், நியூ மெக்சிகோவில் வழக்குப் போட்டு வென்றார். அதே கோடையில் அரிசோனாவில் ஹாரிசன் எதிர் லவீன் வழக்கு 1928 தீர்ப்பைத் தள்ளியது. யூட்டா 1957இல் தன் சட்டத்தை நீக்கியது. ஆக ஐவோ ஜிமாவிலிருந்து திரும்பிய நவஹோ வீரர் தன் ஊரில் ஓட்டுப் போட மூன்று வருடமாவது காத்திருந்தார்.

இவ்வளவு செஞ்ச அரசாங்கத்துக்காக ஏன் சண்டைக்குப் போனாங்க?

எனக்கு வரும் கேள்விகளில் மிக ஆழமானது இது. முதலில் அரசு என்ன செய்தது என்பதைச் சொல்ல வேண்டும். 1864இல் அமெரிக்க ராணுவ அதிகாரி கிட் கார்சனின் படை நவஹோக்களின் பயிர்களையும் பழமரங்களையும் அழித்துப் பட்டினி போட்டுப் பணிய வைத்தது. பிறகு 300 மைலுக்கு மேல் நடத்திக் கூட்டிப்போய் நியூ மெக்சிகோவின் போஸ்க் ரெடொண்டோவில் அடைத்தார்கள். அங்கே தண்ணீர் உப்பு, பயிர் புழு விழுந்து போனது, ஆயிரக்கணக்கில் இறந்தார்கள். 1868 ஜூன் 1 அன்று போட்ட ஒப்பந்தத்தில் பார்போன்சிட்டோ முதலான தலைவர்கள் தங்கள் நிலத்தில் ஒரு பகுதியைத் திரும்பப் பெற்றார்கள். அமெரிக்க அரசு அடைத்து வைத்த பிறகு சொந்த மண்ணுக்கே திரும்பிப்போன மக்கள் அபூர்வம்.

அந்த ஒப்பந்தத்தின் ஆறாவது பிரிவில் 6 முதல் 16 வயது வரை உள்ள பிள்ளைகளைப் பள்ளிக்கு அனுப்ப வேண்டும் என்று எழுதினார்கள். 30 பிள்ளைக்கு ஓர் ஆசிரியர் என்று வாக்குக் கொடுத்தார்கள். கிடைத்தது விடுதிப் பள்ளி. முடியை வெட்டினார்கள், பெயரை மாற்றினார்கள், நவஹோவில் பேசினால் வாயில் சோப்புப் போட்டுக் கழுவினார்கள். முதல் 29 பேரில் ஒருவரான செஸ்டர் நெஸ் இதை அனுபவித்தவர். 1930களில் மேய்ச்சல் நிலம் கெடுகிறது என்று சொல்லி அரசு ஆடுமாடுகளைக் குறைத்தபோது, பல குடும்பங்களின் ஆடுகளைக் கண் முன்னாலேயே கொன்றார்கள். அந்தப் பிள்ளைகள்தான் சில வருடத்தில் படைக்குப் போனார்கள்.

போனவர்கள் சொன்ன காரணங்கள் ஒரே மாதிரி இல்லை. நம் நிலத்துக்கு எதிரி வந்துவிடக் கூடாது என்றார்கள் பலர். 1940 ஜூனிலேயே நவஹோ பழங்குடி மன்றம் நாட்டைக் காக்கத் தயார் என்று தீர்மானம் போட்டிருந்தது. வேலை, சம்பளம், ஊரைத் தாண்டிப் பார்க்கும் ஆசையும் உண்டு. முதல் 29 பேரில் இன்னொருவரான கார்ல் கோர்மன், வயது அதிகம் என்று தள்ளிவிடுவார்களோ என்று வயதைக் குறைத்துச் சொல்லிச் சேர்ந்தார். ஒன்றை மட்டும் நான் ஏற்க மாட்டேன்: அவர்கள் அரசின் கொடுமையை மறந்து போனார்கள் என்று எழுதுவது. மறக்கவில்லை. நிலமும் குடும்பமும் அவர்களுடையவை, அவற்றைக் காக்கப் போனார்கள்.

ஜப்பானிய அமெரிக்கர்களை நவஹோ நிலத்துல அடைச்சாங்கன்னு கேள்விப்பட்டேன். நிஜமா?

நிஜம். 1942 பிப்ரவரி 19 அன்று ஜனாதிபதி ரூஸ்வெல்ட் போட்ட 9066ஆம் ஆணையின் கீழ் மேற்குக் கரையிலிருந்து 1,20,000 பேரை வெளியேற்றி முகாம்களில் அடைத்தார்கள். அதில் மூன்றில் இரண்டு பங்குப் பேர் அமெரிக்காவில் பிறந்த குடிமக்கள். அரிசோனாவின் இரண்டு பெரிய முகாம்களும் பூர்வகுடி நிலத்தில்தான்: போஸ்டன் (Poston) என்ற ஊரில் கொலராடோ ரிவர் மக்களின் நிலத்தில் ஒன்று, ஹீலா ரிவரில் ஒன்று. பழங்குடி மன்றங்களின் எதிர்ப்பை அரசு பொருட்படுத்தவில்லை.

நவஹோ நிலத்தில் இருந்தது லியுப் என்ற ஊரில், சின்னது. பிற முகாம்களில் தொந்தரவு செய்பவர்கள் என்று முத்திரை குத்தப்பட்ட ஆண்களை 1943இல் அங்கே தனியாக வைத்தார்கள். பலருக்கு விசாரணையே கிடையாது. கைதிகளைவிடக் காவலர்கள் அதிகம். டிசம்பரில் மூடினார்கள். அவர்களை அடைத்த கட்டடம் எது தெரியுமா? கைவிடப்பட்ட பூர்வகுடிப் பிள்ளைகளின் விடுதிப் பள்ளி. முந்தைய பதிலில் சொன்ன பள்ளிகளில் ஒன்று. அந்த வருடம் பசிபிக்கில் நவஹோ வீரர்கள் தங்கள் மொழியால் அமெரிக்காவைக் காத்துக்கொண்டிருந்தார்கள்.

நவஹோ மட்டும்தான் இப்படிச் செஞ்சாங்களா?

இல்லை. 1918லேயே பிரான்ஸில் சாக்டா வீரர்கள் தங்கள் மொழியில் தொலைபேசியில் செய்தி சொன்னார்கள், அப்போது அவர்களில் பலர் குடிமக்கள்கூட அல்ல. 1944இல் நார்மண்டியில் இறங்கிய படையோடு கமாஞ்சி சங்கேத வீரர்கள் இருந்தார்கள். ஹோப்பி, மெஸ்க்வாக்கி, லக்கோட்டா என்று பட்டியல் நீளும். எண்ணிக்கையிலும் சங்கேதத்தின் நுட்பத்திலும் நவஹோ திட்டம்தான் பெரியது.

மாட்டிக்கிட்டா சுட்டுடணும்னு கூட இருந்த காவலருக்கு உத்தரவாமே?

அப்படி எழுத்தில் ஓர் உத்தரவு வெளிவந்ததில்லை. சில நவஹோ வீரர்களுக்கு மெய்க்காவலர் போட்டது உண்மை. முக்கியக் காரணம் வேறு: தோற்றத்தைப் பார்த்து ஜப்பானியர் என்று நினைத்து அமெரிக்க வீரர்களே அவர்களைப் பிடித்த சம்பவங்கள் நடந்தன. சினிமா இந்த உத்தரவுக் கதையைப் பெரிதாக்கிவிட்டது.

போர் முடிஞ்சதும் பாராட்டு விழா நடந்திருக்குமே?

நடக்கவில்லை. மறுபடி தேவைப்படலாம் என்று சங்கேதத்தை ரகசியமாக வைத்தார்கள், வாயைத் திறக்கக் கூடாது என்று சொல்லி வீட்டுக்கு அனுப்பினார்கள். 1968இல்தான் ரகசியம் நீங்கியது. 1982இல் ஜனாதிபதி ரீகன் ஆகஸ்ட் 14ஐ நவஹோ சங்கேத வீரர்கள் நாளாக அறிவித்தார். 2001 ஜூலையில் முதல் 29 பேருக்கு நாடாளுமன்றத் தங்கப் பதக்கம், அப்போது உயிரோடு இருந்தவர்கள் ஐந்தே பேர். பின்னால் சேர்ந்தவர்களுக்கு வெள்ளிப் பதக்கம். மற்ற பழங்குடிகளின் சங்கேத வீரர்களுக்கு 2013 வரை பொறுக்க வேண்டியிருந்தது. 29 பேரில் கடைசியாக இருந்த செஸ்டர் நெஸ் 2014 ஜூன் 4 அன்று காலமானார்.

பதக்கத்தைவிட எனக்கு உறுத்துவது வீட்டுக்கடன். போருக்குப் பிறகு முன்னாள் வீரர்களுக்கான கடனை வாங்க நிலத்தை அடமானம் காட்ட வேண்டியிருந்தது. பூர்வகுடி நிலம் மத்திய அரசின் பொறுப்பில் இருந்ததால் அதை வங்கி ஏற்கவில்லை. வெள்ளைக்கார வீரர்களின் நடுத்தர வர்க்க வாழ்க்கையே அந்தக் கடனில்தான் எழுந்தது. தங்கள் நிலத்தில் வீடு கட்ட நினைத்த நவஹோ வீரர்களுக்கு அந்த வாசல் திறக்கவில்லை.

பிறப்புக் குடியுரிமை வழக்குல ஏதோ பழைய செவ்விந்தியர் தீர்ப்பைக் காட்டினாங்களாமே, அது இதுதானா?

ஆமாம், மேலே சொன்ன எல்க் வழக்கு. பெற்றோர் சட்டப்படி நிரந்தரமாக வசிக்காதவர்கள் என்றால் இங்கே பிறந்த பிள்ளை குடிமகன் அல்ல என்று 2025 ஜனவரி 20 அன்று டிரம்ப் ஆணை போட்டார். எச்1பி விசாவில் இருப்பவர்களின் பிள்ளைகளும் இதற்குள் வருவார்கள் என்பதால் நம்மவர்களிடம் பெரிய பதற்றம். இங்கே பிறந்தால் மட்டும் போதாது என்பதற்கு எல்க் தீர்ப்பு உதாரணம் என்று அரசு வக்கீல்கள் வாதிட்டார்கள். கீழ் நீதிமன்றங்கள் ஆணையை நிறுத்தி வைத்தன, விவகாரம் உச்ச நீதிமன்றம் வரை போனது.

அந்த வாதத்தில் பெரிய ஓட்டை இருப்பதாக நினைக்கிறேன். எல்க் வழக்கின் அடிப்படை, பழங்குடி என்பது தனி அரசு என்பது. எச்1பி ஊழியருக்கோ ஆவணம் இல்லாத கூலித் தொழிலாளிக்கோ அமெரிக்க மண்ணில் அப்படித் தனி அரசு ஏது? வாங் கிம் ஆர்க் தீர்ப்பே எல்க்கை எடுத்துப் பேசி, அது பழங்குடியினருக்கு மட்டும் பொருந்தும், வெளிநாட்டவர் பிள்ளைகளுக்கு அல்ல என்று பிரித்துவிட்டது. அப்புறம் ஒன்று: இந்த வழக்கு எப்படிப் போனாலும் பூர்வகுடிகளின் குடியுரிமை 1924 சட்டத்தில் நிற்கிறது, 14ஆவது திருத்தத்தின் விளக்கத்தில் அல்ல.

பூர்வகுடிகளையே குடியேற்ற அதிகாரிகள் நிறுத்திக் கேக்குறாங்களாமே?

2025 ஜனவரியில் அரிசோனாவிலும் நியூ மெக்சிகோவிலும் தங்கள் மக்களை நிறுத்திக் குடியுரிமைக்குச் சான்று கேட்டதாகப் புகார்கள் வந்தன என்று நவஹோ அரசு தெரிவித்தது. வெளியே போகும்போது பழங்குடி அடையாள ஆவணங்களை வைத்துக்கொள்ளும்படி மக்களுக்குச் சொன்னார்கள். அதே வருடம் மார்ச்சில் ராணுவ இணையப் பக்கங்கள் சிலவற்றிலிருந்து சங்கேத வீரர்கள் பற்றிய கட்டுரைகள் காணாமல் போயின. எதிர்ப்பு எழுந்த பிறகு திரும்ப வைத்தார்கள்.

இப்ப நவஹோ மொழி உயிரோட இருக்கா?

இருக்கிறது, ஆனால் கவலையோடு. 2010 வாக்கில் எடுத்த கணக்கில் சுமார் 1,70,000 பேர் வீட்டில் பேசுவதாகச் சொன்னார்கள். அமெரிக்கப் பூர்வகுடி மொழிகளில் இதுதான் மிகப் பெரிய எண்ணிக்கை. சிறு பிள்ளைகளிடம் வேகமாகக் குறைகிறது. 1966இல் ரஃப் ராக் என்ற ஊரில் உள்ளூர் மக்களே நிர்வகித்து நவஹோவும் கற்பித்த பள்ளி தொடங்கியது. 1968இல் நவஹோ அரசு சொந்தக் கல்லூரி தொடங்கியது. ஒரு பழங்குடி அரசு நிறுவிய முதல் கல்லூரி அது, இப்போது டினே கல்லூரி.

நாமளே குடியேறிப் போனவங்க. அவங்க நிலத்துலதானே இருக்கோம்? இதை எப்படி எடுத்துக்கிறது?

அமெரிக்கா குடியேறிகளின் நாடு என்ற வாசகத்தை நான் எழுதுவதை நிறுத்திவிட்டேன். அது குடியேற்றத்துக்கு ஆதரவாகச் சொல்லப்படும் நல்ல நோக்கமுள்ள வாசகம்தான். ஆனால் குடியேறாதவர்களும், சங்கிலியில் கொண்டுவரப்பட்டவர்களும் அதற்குள் இல்லை. பூர்வகுடிகள் எல்லாரும் குடியேறிகளை வரவேற்கிறார்கள் என்றோ, எதிர்க்கிறார்கள் என்றோ அவர்கள் சார்பில் பேசுவதும் தவறு. நவஹோ வாக்காளர்களிடம் எல்லாக் கட்சியினரும் உண்டு. தெற்கே தோஹோனோ ஓதாம் மக்களின் நிலத்தை 1850களில் மெக்சிகோ எல்லைக் கோடு இரண்டாக வெட்டியது. அவர்களுக்கு எல்லைச் சுவர் என்பது உறவினர் வீட்டுக்கும் கோயில் இடத்துக்கும் நடுவே வரும் விஷயம். நவஹோக்களுக்கு அப்படி இல்லை.

குற்ற உணர்ச்சியோடு உட்கார்ந்திருப்பதால் யாருக்கும் பயனில்லை. நீங்கள் வசிக்கும் நகரம் எந்த மக்களின் நிலம், எந்த ஒப்பந்தத்தில் கைமாறியது, அந்த மக்களின் அரசு இன்று எங்கே இருக்கிறது என்று தேடிப் பாருங்கள். பிள்ளைகளின் பள்ளிப் பாடத்தில் அது வருகிறதா என்று கேளுங்கள். ஓட்டுரிமை உள்ளவர்கள் பூர்வகுடி நிலத்தில் தபால் ஓட்டுப் பெட்டிகளும் வாக்குச்சாவடிகளும் எவ்வளவு தூரத்தில் இருக்கின்றன என்பதைக் கவனியுங்கள். நவஹோ நாட்டில் இன்றும் பலருக்கு வீட்டு எண் இல்லாததால் வாக்காளர் பதிவே சிக்கலாகிறது. அரிசோனா பக்கம் இருப்பவர்கள் ஆகஸ்ட் 14ஐ ஒட்டி விண்டோ ராக்கிற்குப் போகலாம். சங்கேத வீரர் சிலை நிற்கும் நினைவுப் பூங்கா அங்கே இருக்கிறது, குடும்பத்தோடு போய்ப் பார்க்க ஏற்ற இடம்.